எஃப்.ஜி. நடேச ஐயர்: பயில்முறை மேடையும் குணச்சித்திர நடிப்பும்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழ் நாடகமேடை இரு கிளைகளாக இயங்கியது. ஒன்று, சிறுவர்களைப் பயிற்றுவித்து ஊர்தோறும் சென்ற தொழில்முறைக் குழுக்கள். மற்றொன்று, கற்றோரும் அலுவலரும் கூடி நடத்திய பயில்முறைச் சபைகள். சென்னையில் பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் நிறுவிய சுகுண விலாச சபை பின்னதற்கு முன்னோடியாகும். திருச்சிராப்பள்ளியில் அத்தகு பணியை மேற்கொண்டவர் தென்னிந்திய இரயில்வே அதிகாரியாகிய எஃப்.ஜி. நடேச ஐயர். அவர் 1914இல் தோற்றுவித்த ரசிக ரஞ்சன சபா இசைக்கும் நாடகத்திற்கும் ஒருங்கே களமாயிற்று. அரிச்சந்திரா நாடகத்தில் லோகிதாசன் வேடத்திற்கு அவர் தெரிவுசெய்த சிறுவனே பின்னர் எம்.கே. தியாகராஜ பாகவதராகப் புகழ்பெற்றார்.

அவரது திரைநடிப்பை மதிப்பிடச் சிறந்த சான்று கே. சுப்பிரமணியம் இயக்கிய சேவாசதனம் (1938). பிரேம்சந்தின் புதினத்தைத் தழுவிய இப்படமே எம்.எஸ். சுப்புலட்சுமியின் முதல் திரைப்படம். அதில் இளம்மனைவியை ஐயுற்று வீட்டைவிட்டு வெளியேற்றும் முதிய கணவராக நடேச ஐயர் நடித்தார். பாட்டுத்திறனே நடிகரின் தகுதியாகக் கொள்ளப்பட்ட காலத்தில், சினம் கழிவிரக்கமாக மாறும் அகநிலையை இப்பாத்திரம் வேண்டிநின்றது. இறுதியில் அக்கணவர் தம் பூணூலை அறுத்தெறியும் காட்சி வைதிகரின் எதிர்ப்புக்கு உள்ளானது. திருவரங்கத்தை அடுத்த நகரில் பதவியும் மதிப்பும் பெற்றிருந்த ஒருவர் அக்காட்சியை ஏற்று நடித்தமை எளிதன்று. பிழைப்புக்காக நடிக்க வேண்டாத பயில்முறை நடிகர், தம் சமூக மதிப்பையே நடிப்பின்பொருட்டு இழக்கத் துணிந்தார் என்பதே அவரது வாழ்வு உணர்த்தும் வரலாற்றுண்மை.