7-ல் இருந்து 13 வரை: துப்பாக்கி மேதை பிரௌனிங்கின் கதை!

போன்ல ஷூட்டிங் கேம் ஆடுறவரா நீங்க? அப்போ திரையின் ஓரத்தில் தெரியும் அந்தச் சின்ன எண் உங்களுக்கு நல்லாவே பழக்கமா இருக்கும். சுடச் சுடக் குறையும். பூஜ்யம் வந்தா விரல் தானா ரீலோடுக்குப் போகும். பழைய 1911 பிஸ்டலை எடுத்தா அந்த எண் 7 தான். வேற பிஸ்டல்களில் 13, 15-னு இருக்கும். ஏன் இந்த வித்தியாசம்னு எப்பவாவது யோசிச்சிருக்கீங்களா?

அந்த 7 கேம் கம்பெனிக்காரங்க சும்மா போட்ட எண் இல்லை. அதுக்குப் பின்னால் நிஜமான ஒரு மனுஷர் இருக்கார். ஜான் மோசஸ் பிரௌனிங். 7 கொள்ளும் பிஸ்டலும் அவர் டிசைன்தான். 13 கொள்ளும் பிஸ்டலையும் அவர்தான் தொடங்கினார். ஆனா, அது முடிஞ்சு வந்ததைப் பார்க்க அவர் உயிரோடு இல்லை.

மவுத் ஆர்கன் துப்பாக்கி

1855 ஜனவரி 23. அமெரிக்காவின் யூட்டா பகுதியில் ஆக்டன் என்ற ஊரில் பிறந்தார் ஜான். மார்மன் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த குடும்பம். அப்பா ஜோனதன் துப்பாக்கி செய்பவர். மூணு மனைவிகள், 22 பிள்ளைகள்!

ஒரு தடவை சுட்டா மறுபடி மருந்து இடிச்சு, குண்டு போட்டு, அதுக்கப்புறம்தான் அடுத்த தடவை சுட முடியும்னு இருந்த காலம் அது. ஜோனதன் அதுக்கு ஒரு வழி கண்டுபிடிச்சிருந்தார். ஒரு இரும்புப் பட்டையில் வரிசையா ஐந்து குழிகள். ஒவ்வொரு குழியிலும் மருந்தும் குண்டும். சுட்டதும் பட்டையைப் பக்கவாட்டில் கொஞ்சம் தள்ளினா அடுத்த குண்டு ரெடி. பார்க்க மவுத் ஆர்கன் மாதிரியே இருந்ததால் ஹார்மோனிகா துப்பாக்கின்னே அதுக்குப் பேர்.

ஐந்துக்கு மேல வேணும்னா? பட்டையை நீட்டணும். நீட்ட நீட்ட அது ரெண்டு பக்கமும் துருத்திக்கிட்டு நிக்கும். தூக்கிக்கிட்டு நடக்கவே முடியாது. எத்தனை குண்டுங்கிறது ஆசைப்பட்டா மட்டும் கூடிடாது, எங்கே வைக்கிறதுன்னு ஒரு கேள்வி கூடவே வரும். ஜான் வளர்ந்த பட்டறையிலேயே அந்தக் கேள்வி கண்ணுக்கு முன்னாடி கிடந்தது.

13 வயசில் பட்டறைக் கழிவுகளை வெச்சே தம்பி மேட்டுக்கு ஒரு துப்பாக்கி செஞ்சு கொடுத்தார் ஜான். 1879-ல், 24 வயசில், முதல் காப்புரிமை. 1883-ல் வின்செஸ்டர் கம்பெனி ஆக்டனுக்கே ஆள் அனுப்பி, 8,000 டாலர் கொடுத்து அந்த டிசைனை வாங்கிக்கிச்சு. வாழ்நாள் முழுக்க அவர் வாங்கிய துப்பாக்கிக் காப்புரிமைகள் மட்டும் 128.

ஆடிய புல், பிறந்த ஐடியா

1889-ல் ஒருநாள் நண்பர்களோடு துப்பாக்கிப் பயிற்சி செய்துகொண்டிருந்தார். ஒருத்தர் சுடும்போது, குழல் முனையில் இருந்து வந்த காற்றில் பக்கத்துப் புல்லெல்லாம் ஆடுச்சு. எல்லோரும் குறி எங்கே பட்டதுன்னு பார்க்க, ஜான் புல்லைப் பார்த்தார். அந்தக் காற்று வீணாகப் போகுதே, அதை வெச்சே அடுத்த குண்டை ஏற்றினா என்ன? அதில் இருந்து பிறந்ததுதான் வாயுவின் விசையால் இயங்கும் அவருடைய இயந்திரத் துப்பாக்கி.

அதே சிந்தனை கைத்துப்பாக்கிக்கும் வந்தது. அதுவரை கையில் இருந்தது ரிவால்வர். சுழலும் உருளைக்குள் வழக்கமா 6 குண்டுகள். இன்னும் வேணும்னா உருளையைப் பெருசாக்கணும். இடுப்பில் சொருக முடியாத அளவுக்கு அது புடைக்கும், கனக்கும்.

பிரௌனிங் போன வழி வேற. பிஸ்டலோட கைப்பிடி எப்படியும் கையில் பிடிக்க வேணும்தானே? அதைக் கூடாக்கி, உள்ளே மேகசினைச் செருகினார். தட்டையான ஒரு தகரப் பெட்டி, அதுக்குள்ளே தோட்டாக்கள் ஒன்றன்மேல் ஒன்று, அடியில் ஒரு ஸ்பிரிங். சுட்டதும் பின்னால் உதைக்கும் விசையே காலித் தோட்டாவை வெளியே தள்ளும். ஸ்பிரிங் அடுத்ததை மேலே ஏற்றும். பெல்ஜியத்தின் எஃப்.என் தொழிற்சாலை தயாரித்த 1900 மாடலில் 7.65 மில்லிமீட்டர் தோட்டா 7 கொள்ளும்.

ஏன் ஏழு?

இங்கேதான் விஷயமே இருக்கு. மேகசினுக்குள் எத்தனை தோட்டாங்கிறதை முதலில் முடிவு செய்வது தோட்டாவின் பருமன். எஃப்.என் 1910 மாடலையே எடுத்துக்கோங்க. ஒரே பிஸ்டல், ரெண்டு வகை. 7.65 மில்லிமீட்டர் தோட்டா போடும் வகையில் 7. அதைவிடக் கொஞ்சம் தடிமனான, .380 எனப்படும் 9 மில்லிமீட்டர் குட்டைத் தோட்டா போடும் வகையில் 6. உயரம் மாறலை, தோட்டா குண்டாச்சு, ஒண்ணு குறைஞ்சது. டிபன் பாக்ஸில் இட்லி அடுக்கிப் பார்த்தவங்களுக்கு இந்தக் கணக்குப் புரியும்.

அடுத்தது, உங்க கை. கைப்பிடியை எவ்வளவு நீளமாக, அகலமாக வேணும்னாலும் செய்யலாம். ஆனா அதை மனுஷக் கைதானே பிடிக்கணும்? அப்புறம் எடை. கடைசியா ஸ்பிரிங். ஒவ்வொரு தோட்டாவையும் சரியான நேரத்தில் மேலே தள்ள அதுக்குத் தெம்பு வேணும். தள்ளலைன்னா தோட்டா சிக்கும். பத்து இருந்தும் சுட முடியலைன்னா அந்தப் பத்து எதுக்கு?

அமெரிக்க ராணுவம் கேட்டது எண்ணிக்கையை இல்லை, பலத்தை. பிலிப்பைன்ஸில் நடந்த சண்டைகளில், .38 ரிவால்வர் குண்டு பட்டும் எதிராளி நிற்காமல் ஓடி வந்ததாகப் புகார். அதனால் .45 அளவு, அதாவது 11 மில்லிமீட்டருக்கும் அதிகமான பருமனில் குண்டு வேணும்னு கேட்டார்கள். அந்தப் பெரிய தோட்டாவை ஒற்றை வரிசையாக அடுக்கினால் கைப்பிடிக்குள் 7 தான் வந்தது. ஏற்கெனவே குழலுக்குள் ஒன்றை ஏற்றி வைத்தால் 8.

சோதனையில் 6,000 தோட்டாக்களைச் சுட்டார்கள். சூடு தாங்க முடியாமல் போனப்போ பிஸ்டலைத் தண்ணீரில் முக்கி எடுத்து மறுபடியும் சுட்டார்கள். ஒரு தடவைகூடச் சிக்கலை. 1911 மார்ச் 29 அன்று ராணுவம் அதை ஏற்றுக்கொண்டது. நீங்க கேமில் பார்க்கும் 1911 அதுதான்.

எண்ணிக்கை சொல்லாத கணக்கு

அதே 1911-ல், ஜூன் 17 அன்று, நம்ம மணியாச்சி ரயில் நிலையத்தில் கலெக்டர் ஆஷைச் சுட்டார் வாஞ்சிநாதன். அவர் கையில் இருந்தது பெல்ஜியத்தில் செய்த பிரௌனிங் பிஸ்டல்.

1914 ஜூன் 28, சரயேவோ நகரம். ஆஸ்திரிய இளவரசர் ஃபெர்டினாண்டையும் அவர் மனைவி சோஃபியையும் சுட்டார் காவ்ரிலோ பிரின்சிப். அது நாம மேலே பார்த்த எஃப்.என் 1910, .380 வகை. மேகசின் கொள்ளளவு 6. அவர் சுட்டது ரெண்டே ரெண்டு. ரெண்டு பேரும் இறந்தார்கள். சில வாரங்களில் முதல் உலகப் போர் தொடங்கியது.

இன்னொன்று, நமக்கு இன்னும் நெருக்கமானது. 1948 ஜனவரி 30 அன்று காந்தியைச் சுட்ட துப்பாக்கி இத்தாலியின் பெரெட்டா. அதை பிரௌனிங் செய்யவில்லை. ஆனா அதில் போட்ட .380 தோட்டா அவர் உருவாக்கியதுதான். மேகசினில் 7 கொள்ளும். சுட்டது மூன்று.

எத்தனை கொள்ளும்னு வாழ்நாள் முழுக்கக் கணக்குப் போட்டவர் அவர். ஆனா சரித்திரத்தைப் புரட்டிப் போட ஒரு மேகசின்கூட முழுசாகத் தேவைப்படலை.

பூ தொடுக்கும் வித்தை

முதல் உலகப் போர் முடிந்ததும் பிரான்ஸ் ராணுவம் புது பிஸ்டல் கேட்டது. குறைந்தது 10 தோட்டா கொள்ளணும், எடையோ ஒரு கிலோவைத் தாண்டக்கூடாது. 5,000 எம்ஏஎச் பேட்டரியும் வேணும், போனும் மெல்லிசா இருக்கணும்னு நாம கேட்கிறோமே, அதே மாதிரி!

எஃப்.என் அந்த வேலையை பிரௌனிங்கிடம் கொடுத்தது. அவருக்கு ஒரு சிக்கல். 1911 பிஸ்டலின் காப்புரிமையை அமெரிக்காவின் கோல்ட் கம்பெனிக்கு விற்றிருந்தார். சொந்தக் கண்டுபிடிப்பையே தொடாமல், வேற வழியில் யோசிக்கணும்.

எண்ணிக்கைப் பிரச்னைக்கு வழி சொன்னவர் எஃப்.என்-னில் வேலை பார்த்த டியூடோனே சைவ். பூ தொடுக்கிறதைப் பார்த்திருப்பீங்க. ஒண்ணை இந்தப் பக்கம், அடுத்ததை அந்தப் பக்கம்னு வைப்பாங்க. அதே மாதிரி தோட்டாக்களை இடமும் வலமுமாக மாற்றி மாற்றி அடுக்கினார் சைவ். ஒன்றின் இடுக்கில் அடுத்தது உட்கார்ந்துகொள்ளும். அதனால் அகலம் ரெண்டு மடங்கு ஆகாது. மேலே வரும்போது பெட்டியின் வாய் குறுகி, ஒண்ணு ஒண்ணாகத்தான் வெளியே வரும். இதை வெச்சு பிரௌனிங் ரெண்டு மாதிரிகள் செய்தார். 1923-ல் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார்.

1926 நவம்பர் 26. பெல்ஜியத்தின் லியேஜில் எஃப்.என் தொழிற்சாலை. மகன் வால் வேலை பார்த்த அறையில் இருந்தபோது ஜானின் இதயம் நின்றது. வயசு 71. அந்த பிஸ்டலுக்கான காப்புரிமை கைக்கு வந்தது 1927 பிப்ரவரியில், அவர் இறந்து மூன்று மாதம் ஆன பிறகு.

மீதியைச் செய்து முடித்தவர் சைவ். கோல்ட் வைத்திருந்த காப்புரிமைகள் காலாவதியானதும் 1911-ன் நல்ல அம்சங்களையும் சேர்த்துக்கொண்டார். ஆரம்ப மாதிரிகளில் 13-ஐ விட அதிகமாகவே தோட்டாக்கள் கொண்டன. அவரே அதைக் குறைத்து 13-ல் நிறுத்தினார். கைக்குப் பொருந்தணுமே! 1935-ல் பெல்ஜியம் ராணுவம் அதை எடுத்துக்கொண்டது. கேட்ட பிரான்ஸ் கடைசியில் வேற பிஸ்டலுக்குப் போய்விட்டது. அந்தத் துப்பாக்கிக்குப் பெயர் பிரௌனிங் ஹை பவர்.

1940-ல் ஜெர்மனி பெல்ஜியத்தைப் பிடித்ததும், அதே தொழிற்சாலை நாஜிப் படைக்கு அதே பிஸ்டலைச் செய்து கொடுத்தது. அந்தப் பக்கம் கனடாவின் டொராண்டோவில் இங்கிலிஸ் என்ற கம்பெனி நேச நாடுகளுக்கு அதையே செய்தது. ஒரே போரில், எதிரெதிர் ஆட்களின் இடுப்பில், ஒரே மனுஷரின் பிஸ்டல். ரெண்டு பக்கமும் 13.

நம்ம நாட்டிலும் அது இருக்கு. மேற்கு வங்கத்தின் இஷாப்பூர் ரைஃபிள் தொழிற்சாலை, ஹை பவரைப் பார்த்து 9 மில்லிமீட்டர் 1ஏ என்ற பிஸ்டலைச் செய்தது. நம்ம ராணுவத்திலும் போலீஸிலும் பல வருஷங்களாகப் புழங்கும் துப்பாக்கி. அதிலும் கொள்ளளவு 13 தான்.

அடுத்த தடவை கேமில் அந்த எண்ணைப் பார்க்கும்போது இந்தக் கதையையும் ஞாபகம் வெச்சுக்கோங்க. ஒரு தோட்டாவின் பருமன், ஒரு கையின் அகலம், ஒரு ஸ்பிரிங்கின் தெம்பு எல்லாம் பேரம் பேசி வந்து நின்ற எண் அது. கேமில் பூஜ்யம் ஆனா ரீலோடு பண்ணிக்கலாம். சரயேவோவில் போன அந்த ரெண்டையும், டெல்லியில் போன மூன்றையும் யாராலும் திரும்ப ஏற்ற முடியலை.