சொற்களைத் தேடிய தையற்காரர் மகன்

ஆங்கில அகராதியைப் புரட்டும்போது, இத்தனை சொற்களையும் தொகுத்தவர் யாவரோ என நம்முள் சிலரேனும் எண்ணியிருப்போம். அவ்வாறு தொகுத்தோருள் தலையாயவர் சர் ஜேம்ஸ் மர்ரே. ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதியின் ஆசிரியராக விளங்கிய அன்னாரின் வரலாற்றை ஈண்டுக் காண்போம்.

மர்ரே 1837-ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தின் டென்ஹோம் என்னும் சிற்றூரில் ஒரு தையற்காரரின் மகனாகப் பிறந்தார். பதினான்கு வயதோடு அவர்தம் பள்ளிப்படிப்பு நின்றது. எனினும் கிடைத்த நூல்களைக் கொண்டு தாமாகவே பல மொழிகளைக் கற்றார். பதினேழாம் வயதில் துணையாசிரியரானார். இருபதாம் வயதில் தலைமையாசிரியரானார். (அவ்வயதில் நாம் பயிற்சிக் கல்லூரியில் பாடக்குறிப்பு எழுதப் பழகிக்கொண்டிருந்தோம்.) மனைவியாருக்குக் காசநோய் கண்டமையால் 1864-இல் இலண்டன் சென்று வங்கியொன்றில் எழுத்தரானார். மறு ஆண்டே அவ்வம்மையார் மறைந்தார். பின்னர் மறுமணம் செய்துகொண்டு, 1870-இல் மில்ஹில் பள்ளியில் மீண்டும் ஆசிரியரானார்.

அகராதிப் பொறுப்பு அவரிடம் வந்தது 1879-இல். பத்தாண்டுகளில் முடித்துவிடலாம் என்பது ஒப்பந்தம். முன்னிருந்தோர் திரட்டிய சொற்சீட்டுகள் மூட்டை மூட்டையாக வந்திறங்கின. ஒரு மூட்டையில் செத்த எலி கிடந்தது. மற்றொன்றில் சுண்டெலி குஞ்சுகளோடு குடியிருந்தது! தகரக் கொட்டகை ஒன்றை அமைத்து, அதனுள் மாடம் மாடமாகச் சீட்டுகளை அடுக்கினார். 1885-இல் ஆக்ஸ்போர்டில் குடியேறியபோதும் தோட்டத்தில் அத்தகைய கொட்டகையே எழுந்தது. அண்டை வீட்டார் பார்வையை மறைக்கலாகாது என்பதால் அதன் தரையைத் தோண்டித் தாழ்த்தினர். குளிரும் ஈரமும் தாங்காது, மர்ரே தம் கால்களைப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டு எழுதுவார். பிள்ளைகள் பதினொருவரும் சீட்டுகளை அகரவரிசைப்படுத்திக் கைச்செலவுக்குக் காசு பெற்றனர்.

ஐந்தாண்டு உழைப்பின் பயனாக 1884-இல் முதற்பகுதி வெளிவந்தது. அது எட்டிய இறுதிச் சொல் எறும்பைக் குறிக்கும் 'ஆண்ட்' என்பதே!

ஒவ்வொரு சொல்லுக்கும் பொருள் கூறினால் மட்டும் போதாது, ஒலிப்பும் காட்டவேண்டும் என்பதற்காக அவரே ஒரு குறியீட்டு முறையை வகுத்தார். அதன் தேவையை இரு சொற்களால் உணரலாம். ஸ்காட்லாந்து மலைகளில், குளிர்காலத்தில் வெண்ணிறம் பூணும் பறவையின் பெயர் 'பி' எழுத்தில் தொடங்கும். ஆயினும் 'டார்மிகன்' என்றே ஒலிக்கவேண்டும். காசநோய்க்குரிய அருஞ்சொல் ஒன்றில் பி, எச், டி, எச் என நான்கு மெய்யெழுத்துகள் முன்னே நிற்கும். நாவில் வருவதோ 'தைசிஸ்'. நம் கட்டுமரமும் 'கேட்டமரன்' என ஒலிமாறி அவ்வகராதியில் இடம்பெற்றுள்ளது.

தவறுகளும் நேர்ந்தன. குடல்வால் அழற்சியைக் குறிக்கும் 'அப்பெண்டிசைட்டிஸ்' என்னும் சொல் மருத்துவர்க்கே உரியதெனக் கருதி 1885-இல் வெளிவந்த பகுதியில் விடப்பட்டது. 1902-இல் அந்நோயால் மன்னர் ஏழாம் எட்வர்டின் முடிசூட்டு விழாவே தள்ளிப்போக, விடுபட்ட அச்சொல்லை ஊரெல்லாம் உச்சரித்தது.

1915-ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் மர்ரே மறைந்தபோது 'டி' எழுத்துச் சொற்களை ஆய்ந்துகொண்டிருந்தார். பத்தாண்டுப் பணி எனத் தொடங்கியது 1928-இல்தான் நிறைவெய்தியது. நான்கு இலட்சத்துக்கு மேற்பட்ட சொற்கள் அடங்கிய அவ்வகராதியில் ஏறத்தாழப் பாதி அவர் பதிப்பித்தது.