தன் கதையைத் தானே உரைத்த ஆஸ்கார் மிஷோ

பிறர் தீட்டும் சித்திரத்தில் தன் மக்களின் முகம் கோரமாய்க் காணப்படின், மனம் புழுங்கி வாளாவிருப்போரே உலகில் மிகுதி. தூரிகையைத் தன் கையில் எடுக்கத் துணிவோர் சிலரே. அச்சிலருள் ஒருவராய், பொருளும் புகழும் குன்றிய காலத்தும் மேற்கொண்ட பணியைக் கைவிடாத ஒருவரது சரிதையை ஈண்டு நம் அன்பர்களுக்குச் சுருக்கமாய் எடுத்துரைக்க விழைகின்றோம். அவர் அமெரிக்க ஐக்கிய நாட்டுக் கறுப்பின மக்களுள் தோன்றிய சினிமாப் பட ஆசிரியராகிய ஆஸ்கார் மிஷோ ஆவார்.

இவர் 1884-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 2-ஆம் தேதி, இல்லினாய் மாகாணத்தில் மெட்ராபொலிஸ் என்னும் ஊருக்கருகே பிறந்தார். இவரது தந்தையார் அடிமையாய்ப் பிறந்து பின்னர் விடுதலை பெற்றவர். குடும்பமோ பெரிது, வருவாயோ சிறிது. ஆதலின் இவர் இளமையிலேயே சிக்காகோ நகரம் சேர்ந்து, புகைவண்டியின் படுக்கை வண்டிகளில் பிரயாணிகளுக்குப் பணிவிடை புரியும் வேலையில் அமர்ந்தார். ஊதியத்தில் மிச்சம் பிடித்த பணத்தைக் கொண்டு தெற்கு டகோட்டாவில் நிலம் வாங்கிப் பயிரிட்டார். சுற்றிலும் வெள்ளையர் குடிகளே இருந்தும், இவரது உழைப்பு அண்டையாரின் மதிப்பைப் பெற்றது. ஆயினும் வறட்சியும், இல்லறத்தில் நேர்ந்த பிரிவும் கூடி இவரை அந்நிலத்தினின்று பெயர்த்து விட்டன.

நிலத்தை இழந்தவர் எழுதுகோலைப் பற்றினார். தம் வாழ்வில் கண்டவற்றையே கதையாக்கி, 1913-இல் முதல் நூலையும், 1917-இல் 'ஹோம்ஸ்டெடர்' என்னும் நாவலையும் வெளியிட்டார். புதுநிலத்தில் குடியேறிய உழவன் என்பது அப்பெயரின் பொருள். நூல்களைத் தாமே சுமந்து, வீடு வீடாய்ச் சென்று விற்றார்.

கறுப்பின மக்கள் நடத்திய லிங்கன் படக் கம்பெனியார் அந்நாவலைப் படமாக்க விரும்பினர். படப்பிடிப்பைத் தாமே நடத்த வேண்டுமென இவர் கோரினார்; அவர்கள் இசைந்திலர். முன்பின் படமெடுத்தறியாத இவரோ பின்வாங்காது, சொந்தக் கம்பெனி ஒன்றைத் தொடங்கினார். தம் நூல்களை வாங்கிய குடியானவர்களிடமே பங்குகளை விற்று மூலதனம் சேர்த்தார். எட்டுச் சுருள் கொண்ட அந்த ஊமைப் படம் 1919-இல் சிக்காகோவில் வெளியாயிற்று.

கறுப்பின மக்களைக் கொடியவராய்ச் சித்திரித்த டி. டபிள்யூ. கிரிபித்தின் 'ஒரு தேசத்தின் பிறப்பு' என்னும் படம் 1915 முதல் அந்நாடெங்கும் ஓடிய காலம் அது. 1920-இல் மிஷோ வெளியிட்ட 'நம் வாயில்களுக்குள்' என்னும் படம் அதற்கு நேர் விடை போன்றது. ஏழைச் சிறாரின் பள்ளிக்காகப் பொருள் திரட்டும் ஆசிரியை ஒருத்தியின் கதை அது. நிரபராதிகளை வெள்ளையர் கும்பல் தூக்கிலிடும் கொடுமையையும் அதில் காட்டினார். முந்தின ஆண்டுதான் சிக்காகோவில் இனக் கலவரம் மூண்டிருந்தமையால், தணிக்கையாளர் அதனை அனுமதிக்க அஞ்சினர். வாதாடியே படத்தை வெளிக்கொணர்ந்தார்.

பெருமுதலாளிகளின் உதவி இவருக்கு இல்லை. கொட்டகைக்காரரை நேரிற்கண்டு, இனி எடுக்கப் போகும் படத்துக்கு முன்பணம் பெறுவார். செலவு கருதி, ஒரு காட்சியைப் பெரும்பாலும் ஒரே முறை எடுப்பார். புகழ் பெற்ற பாடகர் பால் ராப்சன் முதன் முதலில் திரையில் தோன்றியது 1925-இல் இவர் வெளியிட்ட 'உடலும் ஆன்மாவும்' என்னும் படத்திலேயாம்.

குறைகளை மறைத்தல் சரிதைக்கு அழகன்று. இவர் படங்களில் தொழில் நயம் குன்றியதுண்டு. வெளிர் நிறத்தாரையே உயர்ந்த பாத்திரங்களுக்குத் தெரிந்தெடுத்தார் என்று இவர் இனத்தாரே குறை கூறினர். அதில் நியாயமும் உண்டு. 1928-இல் கடன் சுமையால் திவாலானார். எனினும் மீண்டெழுந்து, 1931-இல் 'எக்ஸைல்' என்னும் பேசும் படத்தை வெளியிட்டார். கறுப்பினத்தார் ஒருவர் இயக்கிய முதல் முழுநீளப் பேசும் படமாக அது கருதப்படுகிறது. 1948-இல் வந்த கடைசிப் படம் தோல்வியுற்றது. 1951-ஆம் ஆண்டு மார்ச்சு 25-இல் சார்லட் நகரில் காலமானார்.

முப்பது ஆண்டுகளில் நாற்பதுக்கு மேற்பட்ட படங்களை ஈந்தவர் இவர். அவருடைய ஊமைப் படங்களில் இன்று எஞ்சியவை மூன்றே. 'நம் வாயில்களுக்குள்' படமும் பல்லாண்டு மறைந்து கிடந்து, கடல் கடந்த ஸ்பெயின் நாட்டில் ஒரு பிரதியாய் அகப்பட்டது. 1993-இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தார் அதனைச் செப்பனிட்டனர். 2010-இல் அந்நாட்டு அஞ்சல் இலாகா இவர் உருவம் பொறித்த தபால் தலையையும் வெளியிட்டது.

புகழ் வந்தது, போன படங்கள் வந்தில. அன்பர்காள்! தம் கதையைத் தாமே சொல்லத் துணிதல் ஒருவர் கடன். சொல்லியதைப் பேணிக் காத்தல் அவர் பின்னோர் அனைவரின் கடன். முன்னதை மிஷோ குறைவறச் செய்தார். பின்னது தவறியதால் நேர்ந்த நஷ்டத்தை, அவரவர் இல்லத்துப் பழம் பெட்டிகளில் கிடக்கும் ஏடுகளையும் படங்களையும் நினைந்து, நாம் எண்ணிப் பார்ப்போமாக.