ஏடு வளர்த்து ஏழையான கேசரி

அரக்கோணத்திலிருந்து வரும் இரயில் திருத்தணியைத் தாண்டிப் புத்தூரில் நிற்கும்போது, தமிழும் தெலுங்கும் ஒரே பெஞ்சில் அமர்ந்து உரையாடக் கேட்கிறோம். விடுமுறை கழிந்து திருப்பதிக்குத் திரும்பும் தமிழ் மாணவர்க்கு இது பழகிய காட்சி. இந்த மண் யாருக்கு என்ற வழக்கு எழுந்த நாளில், தமிழர்க்கு எதிர் வரிசையில் நின்ற பெருந்தலைவர் தங்குதூரி பிரகாசம். ஆயினும் அவர் வாழ்வில் நாமும் நன்றியோடு படிக்கவேண்டிய ஏடு ஒன்று உண்டு. அது 'சுவராஜ்யா' நாளேடு.

பிரகாசம் 1872 ஆகஸ்டு 23 அன்று, ஒங்கோலுக்கு அருகிலுள்ள வினோதராயுனிபாலெம் என்னும் சிற்றூரில் பிறந்தார். இளமையிலேயே தந்தை மறைந்தார். தாயார் சுப்பம்மா ஒங்கோலில் சாப்பாட்டு விடுதி நடத்தி மகனை வளர்த்தார். அடுப்புப் புகையில் வளர்ந்த அந்தச் சிறுவன் சட்டம் பயின்றான், இராஜமகேந்திரபுரத்தில் பேர்பெற்ற வழக்கறிஞனானான், அந்நகராட்சியின் தலைவனுமானான். பின்னர் இங்கிலாந்து சென்று பாரிஸ்டர் பட்டம் பெற்று, 1907 முதல் சென்னை உயர்நீதிமன்றத்தில் வாதாடினார். செல்வம் குவிந்தது.

1921-இல் காந்தியடிகளின் ஒத்துழையாமைக் குரல் கேட்டதும் அத்தொழிலை உதறினார். அவ்வாண்டு அக்டோபரில் சென்னையில் 'சுவராஜ்யா'வைத் தொடங்கினார். காங்கிரசின் குரலை நாள்தோறும் ஒலித்த அவ்வேடு ஆங்கிலம், தெலுங்கு, தமிழ் என மூன்று மொழிகளிலும் வெளிவந்தது. தம் தாய்மொழியோடு நில்லாமல், தமிழர்க்கும் ஓர் ஏடு வேண்டுமென எண்ணிய அவர் உள்ளம் எண்ணத்தக்கது.

ஆனால் எண்ணம் வேறு, கணக்கு வேறு. அந்நியத் துணியை விலக்கச் சொல்லும் ஏட்டுக்கு வெள்ளையர் கம்பெனிகளின் விளம்பரம் எங்கிருந்து வரும்? காகிதக்காரனுக்குக் கொள்கையைக் காட்டிக் கடன் தீர்க்க முடியுமா? நீதிமன்றத்தில் ஈட்டிய பொருளையெல்லாம் பிரகாசம் அந்த அச்சகத்தில் கொட்டினார். காசா சுப்பாராவ் போன்ற இளைஞர்கள், சம்பளம் ஒழுங்காகக் கிட்டாத மாதங்களிலும் அவரோடு நின்று எழுதினர். பத்திரிகைத் தொழிலுக்கு அது ஒரு பள்ளிக்கூடமாயிற்று.

1928-இல் சைமன் குழுவை எதிர்த்துச் சென்னை மக்கள் திரண்டபோது, துப்பாக்கியின் முன் மார்பைக் காட்டி நின்றார். 'ஆந்திர கேசரி' எனப் போற்றப்பட்டார். துப்பாக்கிக்கு அஞ்சாத அச்சிங்கத்தைக் கடன் சுமை வென்றது. 1930-களில் ஏடு நின்றது. ஏட்டைப் படித்துக் கைதட்டியவர் பலர். அதைத் தாங்கிய தோள் பெரிதும் ஒன்றே. அதுவே அதன் பெருமை. அதுவே அதன் முடிவுக்கும் காரணம்.

1946-இல் சென்னை மாகாண முதலமைச்சரானார்; ஓராண்டு நிறையுமுன் பதவி போயிற்று. 1953 அக்டோபர் 1 அன்று பிறந்த ஆந்திர மாநிலத்தின் முதல் முதலமைச்சரும் அவரே. சென்னை ஆந்திரத்துக்கே என்று வாதாடினார், தமிழர் விடவில்லை. 1960-இல் திருத்தணி தமிழ்ப் பக்கம் சேர்ந்தது. புத்தூரும் சித்தூரும் திருப்பதியும் ஆந்திரத்திலேயே நின்றன. அத்தீர்ப்பைக் காண அவர் இல்லை. 1957 மே 20 அன்று ஐதராபாத்தில் மறைந்திருந்தார்.

எல்லைக்கு வாதாடிய பிரகாசத்தோடு நமக்கு உடன்பாடில்லை. ஆனால் 1954-இல் அவரது ஆட்சியில் பிறந்த வேங்கடேசுவரப் பல்கலைக்கழகத்தில்தான் தமிழராகிய நாமும் பயில்கிறோம். மூன்று மொழிக்கும் ஒரே கூரையின்கீழ் இடந்தந்த அந்த ஏட்டின் நினைவு, இங்கே இன்னும் பொருந்துகிறது.

தோழர்களே! மாற்றாரிடத்தும் நல்லதைக் காண்போம். நாம் விரும்பும் இதழைக் கைதட்டலால் மட்டும் அன்று, காசு கொடுத்தும் காப்போம்.