கல்கத்தா மனநல மருத்துவர்

கிரீந்திரசேகர் போஸ் 1887ஆம் ஆண்டு பிறந்தார். வங்காள எழுத்தாளர் ராஜசேகர் போஸ் இவருடைய அண்ணன். 1910இல் மருத்துவப் பட்டம் பெற்ற கிரீந்திரசேகர், மனநோய் பற்றி ஆழ்ந்து அறிய விரும்பி உளவியலும் பயின்றார். 1921இல் தம் ஆய்வு நூலை வியன்னாவில் வாழ்ந்த புகழ்பெற்ற மனநல அறிஞர் சிக்மண்ட் பிராய்டுக்கு அனுப்பினார். இந்தியாவிலிருந்து இப்படியொரு நூல் வந்தது பிராய்டுக்கு வியப்பும் மகிழ்ச்சியும் அளித்தது.

போஸ் பிராய்டைப் பார்த்ததில்லை. அவருடைய நிழற்படத்தையும் கண்டதில்லை. ஆகவே, அவர் எப்படி இருப்பார் என்று ஓர் ஓவியரைக் கற்பனையாக வரையச் செய்து, அப்படத்தையும் அனுப்பினார். தம்மை அசல் ஆங்கிலேயராகவே வரைந்துவிட்டார்கள் என்று பிராய்டு தம் தோழி ஒருவரிடம் வேடிக்கையாகக் கூறினார்.

1922இல் போஸ் தம் இல்லத்திலேயே இந்திய உளப்பகுப்பாய்வுக் கழகத்தைத் தொடங்கினார். அதில் பெர்க்லி ஹில், டேலி என்னும் ஆங்கிலேயர் இருவரும் சேர்ந்தனர். பெர்க்லி ஹில், ராஞ்சியில் ஐரோப்பியருக்கென அமைந்த மனநல மருத்துவமனையின் தலைவர். இந்துக்களின் வழிபாட்டையும் பழக்கவழக்கங்களையும் மனக்கோளாற்றின் அறிகுறிகளாகக் காட்டி இருவரும் கட்டுரைகள் எழுதினர். ஆள்வோரின் கண்ணுக்கு ஆளப்படுவோரின் பண்பாடே நோயாகத் தெரிந்த காலம் அது!

போஸ் தம் நோயாளிகள் கூறியவற்றையே சான்றாகக் கொண்டார். தந்தை தண்டிப்பார் என்ற அச்சம் ஆண்பிள்ளைகளின் மனத்தில் ஆழப் பதிந்திருக்கும் என்பது பிராய்டின் கொள்கை. ஐரோப்பியரிடம் காணப்படும் அளவுக்கு அவ்வச்சம் தம் இந்திய நோயாளிகளிடம் வெளிப்படவில்லை என்பதை 1929இல் போஸ் அவருக்குத் தெரிவித்தார். உலகமே போற்றிய அறிஞரிடம் இவ்வாறு கூறத் துணிவு வேண்டும். பிராய்டு அதனை முழுமையாக ஏற்கவில்லை. போஸும் தம் கருத்தைக் கைவிடவில்லை. ஆயினும், நட்பு முறியவில்லை. 1931இல் பிராய்டின் 75ஆம் பிறந்தநாளுக்குக் கல்கத்தாவிலிருந்து தந்தத்தாலான விஷ்ணு சிலை பரிசாகச் சென்றது. அதை அவர் தம் மேசைமீது வைத்துக்கொண்டார்.

1940இல் அண்ணன் வழங்கிய வீட்டில் லும்பினி பார்க் மனநல மருத்துவமனை தொடங்கப்பட்டது. ஜொகூர் பாரு, தம்போயில் உள்ள பெரிய மனநல மருத்துவமனையைக் கண்டவர்களுக்கு இது வியப்பாக இருக்கும்: அன்று அங்கிருந்தவை மூன்றே படுக்கைகள்.

1953இல் போஸ் காலமானார். பிராய்டை அவர் ஒருமுறைகூட நேரில் சந்திக்கவில்லை. அந்த விஷ்ணு சிலை, பிராய்டு இறுதியாக வாழ்ந்த லண்டன் வீட்டில் இன்றும் இருக்கிறது.