இட்டாலோ ஸ்வேவோ: வங்கிக் குமாஸ்தாவாக இருந்த நாவலாசிரியர்

இருபதாம் நூற்றாண்டின் முக்கியமான ஐரோப்பிய நாவல்களில் ஒன்றாக இன்று கருதப்படும் 'ஸேனோவின் மனசாட்சி' 1923ஆம் ஆண்டு வெளிவந்தபோது அதன் ஆசிரியருக்கு வயது 61. நூலை அச்சிடும் செலவையும் அவரே ஏற்றுக்கொண்டார். அவருடைய ஊரான டிரியெஸ்ட் நகரத்தில் பெரும்பாலானோர் அவரை எழுத்தாளராக அறிந்திருக்கவில்லை. கப்பல்களின் அடிப்பகுதிக்குப் பூசப்படும் வண்ணப்பூச்சைத் தயாரிக்கும் நிறுவனத்தின் கூட்டாளியாகவும், அதற்கு முன்னர் நீண்டகாலம் வங்கியில் வேலை பார்த்தவராகவுமே அவரை அறிந்திருந்தனர். அங்கு அவர் பெயர் எட்டோரே ஷ்மிட்ஸ். இட்டாலோ ஸ்வேவோ என்பது நூல்களின் அட்டையில் மட்டும் இருந்த பெயர்.

அந்தப் புனைபெயருக்கு இத்தாலிய ஸ்வாபியன் என்று பொருள். ஸ்வாபியா தெற்கு ஜெர்மனியின் ஒரு பகுதி. இத்தாலியராகவும் ஜெர்மானியராகவும் ஒருசேர வாழ நேர்ந்த ஒருவர் தமக்குத் தாமே சூட்டிக்கொண்ட பெயர் அது.

ஷ்மிட்ஸ் 1861ஆம் ஆண்டு டிசம்பர் 19ஆம் தேதி பிறந்தார். டிரியெஸ்ட் அப்போது ஆஸ்திரியப் பேரரசின் தலையாய துறைமுகம். தெருக்களில் இத்தாலிய மொழியின் வட்டார வழக்கு ஒலித்தது. அரசு அலுவலகங்களில் ஜெர்மன் கோலோச்சியது. நகரைச் சுற்றிய கிராமங்களில் ஸ்லோவேனிய மொழி பேசப்பட்டது. தந்தை கண்ணாடிப் பொருட்கள் விற்கும் யூத வணிகர். வணிகத்தில் முன்னேற ஜெர்மன் மொழி அவசியம் என்று கருதிய அவர், மகனைப் பன்னிரண்டு வயதளவில் பவேரியாவின் செக்னிட்ஸ் என்ற ஊரிலிருந்த உறைவிடப் பள்ளிக்கு அனுப்பினார். வணிகம் கற்கச் சென்ற சிறுவன் அங்கே ஷில்லரையும், ஜெர்மன் மொழிபெயர்ப்பில் ஷேக்ஸ்பியரையும் படித்துவிட்டுத் திரும்பினான். தந்தை செலவிட்ட பணம் வேறு வழியில் பலன் தந்தது எனலாம்.

1880ஆம் ஆண்டு தந்தையின் வணிகம் நொடித்துப்போனது. பதினெட்டு வயது எட்டோரே வேலை தேடவேண்டிய நிலை ஏற்பட்டது. வியன்னாவைத் தலைமையிடமாகக் கொண்ட யூனியன் வங்கியின் டிரியெஸ்ட் கிளையில் அவர் சேர்ந்தார். வெளிநாட்டு வாடிக்கையாளர்களுக்கு ஜெர்மன், பிரெஞ்சு மொழிகளில் கடிதம் எழுதுவது அவருடைய பணி. தற்காலிகமாகத் தொடங்கிய அந்த வேலை ஏறத்தாழப் பத்தொன்பது ஆண்டுகள் நீடித்தது.

வங்கி மூடிய பின் அவர் நகர நூலகத்துக்குச் செல்வார். பால்ஸாக், ஃப்ளோபேர், ஸோலா ஆகியோரை அங்கே படித்தார். உள்ளூர் இத்தாலிய நாளிதழுக்குப் புனைபெயரில் கட்டுரைகள் எழுதினார். அவருடைய திறமையில் முழு நம்பிக்கை வைத்திருந்தவர் தம்பி எலியோ. அண்ணனின் இலக்கிய முயற்சிகளையெல்லாம் நாட்குறிப்பில் பதிந்து வந்த அந்த இளைஞர் 1886இல் நோயால் இறந்தார். அண்ணனின் ஒரு நூலைக்கூட அவர் பார்க்கவில்லை.

வங்கியிலிருந்து ஒரு நாவல்

'ஒரு வாழ்க்கை' என்ற முதல் நாவல் 1892இன் இறுதியில் வெளிவந்தது. கிராமத்திலிருந்து வந்து நகரத்து வங்கியில் கடிதப் பிரிவில் வேலை பார்க்கும் அல்ஃபோன்ஸோ நித்தி என்ற இளைஞனின் கதை அது. அவன் தன்னை மற்றவர்களைவிட உயர்ந்தவனாக எண்ணுகிறான். வங்கி அதிபரின் மகளோடு சேர்ந்து நாவல் எழுத முற்படுகிறான். உறவு நெருங்கியதும் பின்வாங்குகிறான். இறுதியில் தற்கொலை செய்துகொள்கிறான்.

காதல் கதையைக் காட்டிலும் இந்த நாவலில் வலுவானது அலுவலகச் சித்திரம்தான். மாலை நேரத்துக் கடிதக் குவியல், மேலதிகாரியின் மனநிலையை நோக்கிக் காத்திருக்கும் குமாஸ்தாக்கள், ஒருவன் நோயுற்றால் அவனது நாற்காலியைக் கண்வைக்கும் மற்றொருவன் என ஒவ்வொன்றும் உள்ளிருந்து கண்டவரின் எழுத்து. நாவல் அல்ஃபோன்ஸோ தாய்க்கு எழுதும் கடிதத்தில் தொடங்குகிறது. அவனது மரணத்தைப் பற்றி வங்கி அனுப்பும் கடிதத்தில் முடிகிறது. தற்கொலைக்கான காரணம் தங்களுக்குத் தெரியாது என்பதை வங்கி வணிக மரியாதையோடு தெரிவிக்கிறது. அத்தகைய கடிதங்களை ஆண்டுக்கணக்கில் எழுதியவரால்தான் அப்படி ஒரு முடிவை எழுத முடிந்திருக்கும்.

நாவல் கவனிக்கப்படவில்லை. 1898இல் வந்த 'முதுமை' என்ற இரண்டாவது நாவலின் நாயகன் எமிலியோ பிரென்தானியும் குமாஸ்தாவே. இம்முறை காப்பீட்டு நிறுவனத்தில். முப்பத்தைந்து வயதிலேயே வாழ்க்கையிலிருந்து ஒதுங்கிவிட்ட அவன், ஒரு பெண்ணிடம் விளையாட்டாகத் தொடங்கும் உறவில் தானே சிக்கிக்கொள்கிறான். அந்நூலும் ஏறக்குறைய முழு மௌனத்தையே எதிர்கொண்டது. கவனித்த சிலரும் அவருடைய இத்தாலிய மொழியைக் குறை கூறினர். வீட்டில் வட்டார வழக்கும், பள்ளியிலும் வங்கியிலும் ஜெர்மனும் பேசி வளர்ந்தவருக்கு ஃபிளாரன்ஸ் நகரத்து இலக்கிய மொழி கற்றுக்கொண்ட மொழியாகவே இருந்தது. வீட்டு மொழி ஒன்றும் அலுவல் மொழி வேறொன்றுமாக வாழ்வோருக்கு இந்தச் சங்கடம் புதிதல்ல.

இதற்கிடையில் 1896ஆம் ஆண்டு அவர் உறவினரான லிவியா வெனெஸியானியை மணந்தார். அடுத்த ஆண்டு மகள் லெத்தீஸியா பிறந்தாள். மனைவியின் குடும்பத்தாரிடம், கடல்நீரில் கப்பலின் அடியில் பாசியும் சிப்பியும் ஒட்டாமல் தடுக்கும் பூச்சின் தயாரிப்பு முறை இருந்தது. குடும்பத்தாருக்கு மட்டுமே தெரிந்த இரகசியம் அது. 1899இல் ஷ்மிட்ஸ் வங்கியை விட்டு அந்த நிறுவனத்தில் சேர்ந்தார். 1902இல் அவர் நாட்குறிப்பில் இலக்கியத்தைத் தம் வாழ்க்கையிலிருந்து நீக்கிவிட்டதாக எழுதி வைத்தார். அது அபத்தமானது என்றும், தீங்கானது என்றும் அப்போது அவருக்குத் தோன்றியது.

நிறுவனத்தின் வாடிக்கையாளர்களில் பிரிட்டிஷ் கடற்படையும் ஒன்று. அதற்காக லண்டனின் சார்ல்டன் பகுதியில் தொழிற்சாலை திறக்கப்பட்டது. 1903 முதல் ஷ்மிட்ஸ் ஆண்டுதோறும் சில காலம் அங்கே தங்கி வேலைகளைக் கவனித்தார். பேச்சில் திணறிய ஆங்கிலம் அவரை ஓர் ஆசிரியரைத் தேட வைத்தது.

ஆங்கிலம் கற்பித்தவர்

டிரியெஸ்டில் ஆங்கிலம் கற்பித்துப் பிழைத்துக்கொண்டிருந்த ஓர் அயர்லாந்து இளைஞர் 1907ஆம் ஆண்டு ஷ்மிட்ஸ் தம்பதியருக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கத் தொடங்கினார். கடன்களும் குடிப்பழக்கமும் கொண்ட அந்த 25 வயது ஆசிரியர் ஜேம்ஸ் ஜாய்ஸ். மாணவர் அவரைவிட இருபது வயது மூத்தவர்.

ஜாய்ஸ் தாம் எழுதிய 'இறந்தவர்கள்' கதையை அவர்களுக்குப் படித்துக் காட்டினார். அதில் நெகிழ்ந்த லிவியா தோட்டத்து மலர்களைப் பறித்து அவரிடம் கொடுத்தார். ஷ்மிட்ஸ் தயக்கத்துடன் தம்முடைய இரு நாவல்களையும் எடுத்துத் தந்தார். ஜாய்ஸ் அவற்றைப் படித்துவிட்டு, சில பக்கங்களை அனத்தோல் பிரான்சும் அவ்வளவு நன்றாக எழுதியிருக்க மாட்டார் என்ற பொருளில் பாராட்டினார். 'முதுமை' நாவலின் சில பகுதிகளை மனப்பாடமாகவும் சொன்னார். நூல் வெளிவந்து பத்தாண்டு கழித்து அதற்குக் கிடைத்த உண்மையான வாசகர் அவர்.

உதவி ஒருவழியாக இருக்கவில்லை. 1909இல் 'இளைஞனாக ஒரு கலைஞனின் உருவப்படம்' நாவலின் தொடக்க அத்தியாயங்களை ஜாய்ஸ் காட்டியபோது, ஷ்மிட்ஸ் எழுதிய விரிவான கடிதம் அவரைத் தொடரத் தூண்டியது. ஜாய்ஸின் 'யுலிஸஸ்' நாவலில் வரும் லியோபோல்டு புளூம் என்ற நடுத்தர வயது யூதருக்கு ஷ்மிட்ஸின் சாயல் உண்டு என்று ஆய்வாளர்கள் கருதுகின்றனர். லிவியாவின் பெயரும் நீண்ட கூந்தலும் பின்னாளில் 'ஃபின்னகன்ஸ் வேக்' நூலின் நாயகிக்குச் சென்று சேர்ந்தன.

முதல் உலகப் போரின்போது ஜாய்ஸ் டிரியெஸ்டை விட்டுச் சென்றார். ஆஸ்திரியக் குடிமகனான ஷ்மிட்ஸ் தொழிற்சாலையைக் காத்து ஊரில் தங்கினார். போர்க்காலத்தில் தொழிற்சாலை நின்றுபோனது. இருபதாண்டு கால இடைவெளியில் முதல்முறையாக அவருக்கு ஓய்வு கிடைத்தது. ஃப்ராய்டின் நூல்களைப் படித்தார். 1918இல் டிரியெஸ்ட் இத்தாலியின் வசமானது. அடுத்த ஆண்டு 'ஸேனோவின் மனசாட்சி'யைத் தொடங்கினார்.

அந்த நீண்ட மௌனத்தை இலக்கியம் இழந்த காலம் என்று வருந்துவோர் உண்டு. மூன்றாவது நாவலைப் படிப்பவருக்கு அப்படித் தோன்றாது. முதல் இரு நாவல்களின் குமாஸ்தாக்கள் பணத்தைக் கீழிருந்து பார்ப்பவர்கள். ஸேனோ கோஸினியோ பணம் படைத்த வணிகர். ஒவ்வொரு சிகரெட்டையும் கடைசி சிகரெட் என்று சபதமிட்டுப் புகைப்பவர். ஒரே மாலையில் மூன்று சகோதரிகளிடம் திருமணம் கேட்டு, விரும்பாத ஒருத்தியை மணந்து மகிழ்ச்சியாக வாழ்பவர். மைத்துனர் குய்தோவின் வணிகக் கணக்குகளை அவர் எழுதுகிறார். நட்டத்தை மறைக்கும் ஐந்தொகை, பங்குச் சந்தையில் கைவிட்டுப்போகும் பணம், அதை மறைக்க நடிக்கப்போய் உண்மையாகிவிடும் தற்கொலை என்று விரியும் அந்த அத்தியாயம், பேரேட்டை அறிந்தவரின் கைவண்ணம். பங்குத் தரகரோடு பேச்சில் மூழ்கிய ஸேனோ, குய்தோவின் சவ ஊர்வலத்தை விட்டுவிட்டு வேறு யாருடையதோ ஊர்வலத்தின் பின்னால் செல்லும் காட்சியில் துயரமும் சிரிப்பும் பிரிக்க முடியாமல் கலந்திருக்கின்றன. நாவலின் முடிவில் போர் தொடங்கியதும் ஸேனோ சரக்குகளை வாங்கிக் குவித்து இலாபம் பார்க்கிறார். தான் குணமடைந்துவிட்டதாகவும் நம்புகிறார். முன்னிரு நாவல்களில் இந்த இளநகை இல்லை. வாங்கி விற்று, பேரம் பேசி, தன்னைத்தானே கண்டு சிரிக்கக் கற்ற ஆண்டுகள் தந்தது அது.

இத்தாலியில் இந்த நாவலும் முதலில் கவனம் பெறவில்லை. ஷ்மிட்ஸ் ஒரு பிரதியைப் பாரிஸில் இருந்த ஜாய்ஸுக்கு அனுப்பினார். இதுவே உங்கள் நூல்களில் மிகச் சிறந்தது என்று பதில் எழுதிய ஜாய்ஸ், வலேரி லார்போ, பெஞ்ஜமென் க்ரெமியே ஆகிய பிரெஞ்சு எழுத்தாளர்களுக்கு அனுப்பச் சொன்னார். 1926 பிப்ரவரியில் பாரிஸின் ஓர் இலக்கிய இதழ் அவருக்காகச் சிறப்பிதழ் வெளியிட்டது. இத்தாலியில் அதற்குச் சற்று முன்னரே, 1925இன் இறுதியில், இளம் கவிஞர் எவ்ஜெனியோ மொந்தாலே அவரைப் பற்றி எழுதிவிட்டார். பின்னாளில் நோபல் பரிசு பெற்ற அவருக்கு அப்போது வயது 29. 1928 மார்ச்சில் பாரிஸில் எழுத்தாளர் சங்கம் விருந்தளித்து ஷ்மிட்ஸைப் பாராட்டியது. முதிய ஸேனோவைப் பற்றி ஒரு நாவலையும் அவர் தொடங்கியிருந்தார்.

அதே ஆண்டு செப்டம்பரில் மனைவியுடனும் பேரனுடனும் காரில் ஊர் திரும்பும்போது மோத்தா தி லிவென்ஸா என்ற இடத்தில் கார் மரத்தில் மோதியது. கால் எலும்பு முறிந்தது. பலவீனமான அவரது இதயம் அதைத் தாங்கவில்லை. மருத்துவமனையில் அவர் ஒரு சிகரெட் கேட்டதாகவும், மறுக்கப்பட்டபோது, கொடுத்திருந்தால் இதுதான் மெய்யாகவே கடைசியாக இருந்திருக்கும் என்ற பொருளில் ஏதோ சொன்னதாகவும் கூறப்படுகிறது. செப்டம்பர் 13ஆம் தேதி அவர் காலமானார்.

1943க்குப் பின் ஜெர்மானியப் படைகளின் பிடியில் டிரியெஸ்ட் இருந்தபோது லிவியாவும் மகளும் ஊரைவிட்டு ஒளிந்து வாழ நேர்ந்தது. பேரர்கள் மூவரும் இரண்டாம் உலகப் போரில் மாண்டனர். 1945இல் குடும்பத்தின் வீடு குண்டுவீச்சில் அழிந்தது. கையெழுத்துப் பிரதிகளை லிவியா முன்பே வேறிடத்தில் பத்திரப்படுத்தியிருந்தார். கணவரைப் பற்றி அவர் எழுதிய நூல் 1950இல் வெளிவந்தது.