ஈயை வித்தை காட்ட வைத்த குமாஸ்தா: யார் இந்த பெர்சி ஸ்மித்?

மல்லாந்து கிடக்கும் ஒரு ஈ, கால்களால் பந்தைச் சுழற்றுகிறது. 1908-ல் லண்டனில் வெளியான இந்த மௌனப் படத்தைப் பார்த்தவர்கள் அசந்துபோனார்கள். இதில் ஏதோ தில்லுமுல்லு இருக்கு என்று சந்தேகப்பட்டவர்களும் உண்டு.

தில்லுமுல்லும் இல்லை, பயிற்சியும் இல்லை. பிடித்து வைக்கப்பட்ட ஈ நடக்கத்தான் பார்க்கிறது. காலுக்கடியில் தரைக்குப் பதில் பந்து இருப்பதால், பந்து சுழல்கிறது. அவ்வளவுதான்!

படமெடுத்த பெர்சி ஸ்மித் 1880-ல் பிறந்தவர். பிரிட்டன் கல்வி வாரியத்தில் குமாஸ்தா. சினிமாவை வைத்துப் பாடம் நடத்தலாமே என்ற அவர் யோசனையை வாரியம் கண்டுகொள்ளவே இல்லை. ஆனால், அவர் எடுத்த ஈயின் நாக்குப் படம் தயாரிப்பாளர் சார்லஸ் அர்பன் கண்ணில் பட்டது. அப்புறம் வேலையை விட்டுவிட்டு முழுநேரமும் கேமராதான்.

சிலந்தி என்றாலே அலறுகிறவர்களின் பயத்தைப் போக்க, 1909-ல் பொம்மைச் சிலந்தி செய்து, அது நூலைப் பிடித்துக் காற்றில் பறக்கும் விதத்தைக் காட்டினார். 1910-ல் மொட்டு மலராவதைச் சில நொடிகளில் சுருக்கிக் காட்டினார். இப்போது நம் போனில் இருக்கும் டைம்லாப்ஸ் அதே உத்திதான். இதற்காக அவருடைய லண்டன் வீடே ஸ்டுடியோ ஆனது. ராத்திரியில் கருவி மக்கர் செய்தால் எழுப்பிவிட மணிகூடக் கட்டியிருந்தார்.

1922-ல் தொடங்கிய 'சீக்ரெட்ஸ் ஆஃப் நேச்சர்' தொடரில் 100-க்கும் மேற்பட்ட குறும்படங்கள் வந்தன. பலவற்றில் ஸ்மித்தின் கைவண்ணம் உண்டு. 1945-ல் அவர் மறைந்தார். அன்று வாரியம் ஒதுக்கிய யோசனை இன்று எல்லா வகுப்பறையிலும் ஓடுகிறது.